களத்தில் சொன்னது நிற்கும்

எனக்குச் சத்தம் போட்டுப் பேசுகிறவர்களைக் கண்டால் ஆகாது. நீங்கள் வந்து உட்கார்ந்ததிலிருந்து ஒரு தடவைகூடக் குரலை உயர்த்தவில்லை, கவனித்தேன். உங்களுக்கு முன்னால் விசாரிக்க வந்தவர் மேஜையைத் தட்டினார். மேஜையைத் தட்டுகிறவரிடம் நான் என்ன பேசுவது? அதனால்தான் வாயைத் திறக்கவில்லை. மற்றபடி எதையும் மறைக்கிற எண்ணம் எனக்குக் கிடையாது, மேடம். பொறுமையாகக் கேட்டால் சொல்லிவிடப்போகிறேன்.

நீங்கள் கூடைப்பந்து பார்ப்பீர்களோ என்னமோ. பார்க்காவிட்டாலும் பாதகமில்லை. சம்பளத்துக்கு ஆடுகிற பெரிய லீக் அது. ஊர் ஊராக அரங்கங்கள். அத்தனை அரங்கத்துக் கேமராக்களும் வந்து சேருகிற அறை ஒன்று இருக்கிறது. ஜன்னல் கிடையாது. சுவர் முழுக்கத் திரைகள். ஏசி குளிருக்கு எல்லோரும் ஸ்வெட்டர் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருப்போம். மைதானத்தில் ரெஃப்ரி விசில் ஊதி ஒரு தீர்ப்புச் சொல்கிறார். அது தப்பு என்று கோச்சுக்குப் பட்டால் ஆட்டத்தை நிறுத்த டைம் அவுட் கேட்பார், ஆட்காட்டி விரலைத் தூக்கிக் காற்றில் வட்டமாகச் சுற்றுவார். அதுதான் சேலஞ்ச். ரெஃப்ரி ஹெட்செட்டைக் காதில் மாட்டிக்கொள்வார். மறுமுனையில் இருப்பவன் நான்.

விதிகள் சுலபமானவை. சேலஞ்ச் செய்கிற கோச்சின் கையில் ஒரு டைம் அவுட்டாவது மிச்சம் இருக்க வேண்டும், அதைப் பணயம் வைக்க வேண்டும். ஜெயித்தால் அது திரும்பக் கிடைக்கும், இன்னொரு சேலஞ்சும் கிடைக்கும். தோற்றால் இரண்டும் போச்சு. அதற்கப்புறம் என்ன அநியாயம் நடந்தாலும் கையைக் கட்டிக்கொண்டு நிற்க வேண்டியதுதான். தீர்ப்பை மாற்றத் தெளிவான ஆதாரம் வேண்டும். துளி சந்தேகம் இருந்தாலும் களத்தில் முதலில் சொன்னது நிற்கும். இன்னொன்றும் உண்டு, பலபேர் அதை மறந்துவிடுவார்கள். விசில் ஊதினால்தான் சேலஞ்ச் செய்ய முடியும். கண்ணெதிரே ஒருவன் கையை இன்னொருவன் முறித்தாலும் சரி, ரெஃப்ரி ஊதவில்லை என்றால் கேட்பதற்கு ஒன்றுமில்லை. சொல்லாத தீர்ப்பை எங்கிருந்து மாற்றுவது?

அரங்கமே எழுந்து நின்று கத்தும். கோச்சுக்குக் கழுத்து நரம்பு புடைத்துக்கொண்டு நிற்கும். நான் கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு பார்த்துவிட்டு இரண்டு வார்த்தை சொல்வேன். அத்தனை பேரும் அடங்கிவிடுவார்கள். அந்த அடக்கத்தை வீட்டுக்கும் கொண்டுபோகலாமே என்று தோன்றியது. அதில் கெட்ட எண்ணம் எதுவும் இல்லை.

என் மனைவியை நீங்கள் உயிரோடு பார்த்ததில்லை. கலகலப்பான பெண். கல்யாணத்துக்கு முன்னால் ஒரு பல் மருத்துவரிடம் வரவேற்பில் இருந்தாள். வலியோடு வருகிறவர்களையே சிரிக்க வைத்து உட்கார வைப்பாளாம். ஆனால் வாய் ஓயாது. குழாயைச் சரியாக மூடாதது யார், ஈரத் துண்டைக் கட்டிலில் போட்டது யார், இப்படி ஒன்றுமில்லாத விஷயத்துக்குத் தொண்டைத் தண்ணீர் வற்றப் பேசுவாள், கடைசியில் அழுவாள். திருட்டுக்குப் பயந்து வீட்டில் ஏற்கெனவே கேமராக்கள் வைத்திருந்தேன். ஹாலில் ஒன்று, சமையலறையில் ஒன்று, நடையில் ஒன்று. ஒலி பதிவாகாத ரகம். ஒருநாள் அவளிடம் சொன்னேன், இனிமேல் சண்டை வேண்டாம், நான் முதலில் சொல்வது தீர்ப்பு, உனக்குச் சரியில்லை என்று பட்டால் சேலஞ்ச் செய், இரண்டு பேரும் உட்கார்ந்து வீடியோவைப் பார்ப்போம் என்று.

"வீட்டுக்குள்ளயும் விசில் ஊதப் போறீங்களா?" என்றாள். "சரி, ஊதுங்க. நான் கோச்சா, ப்ளேயரா?"

"கோச்சுன்னே வச்சுக்கோ."

"அப்போ எனக்கு ஒரு கோட்டு வாங்கித் தாங்க. கோட்டு போடாத கோச்ச எவன் மதிப்பான்?"

கையிலிருந்த கரண்டியைத் தலைக்கு மேலே தூக்கிச் சுற்றினாள். இரண்டு பேரும் வயிறு குலுங்கச் சிரித்தோம். அவள் சம்மதித்துத்தான் ஆரம்பித்தது, அதைக் குறித்துக்கொள்ளுங்கள்.

பணயம் வைக்க அவளிடம் என்ன இருந்தது? வாரத்தில் ஒருநாள் தம்பி வீட்டுக்குப் போய்வருவாள். அதை வைத்தோம். பிறகு ஃபோனையும் சேர்த்துக்கொண்டோம். தோற்றால் அன்றைக்கு ஃபோன் என்னிடம் இருக்கும். நான் என்ன பணயம் வைத்தேன் என்று உங்களுக்குக் கேட்கத் தோன்றுகிறது. அவளும் ஒருதரம் கேட்டாள். ரெஃப்ரிக்கு ஏது டைம் அவுட்?

வேலையை விட்டுவிடு என்றேன். அது தீர்ப்பு. அவள் சேலஞ்ச் செய்தாள். எந்த வீடியோவைப் பார்க்கலாம் சொல், என்றேன். அப்படி ஒரு வீடியோ இருக்க வழியில்லையே. தீர்ப்பு நின்றது. சத்தமே இல்லாமல் முடிந்தது. வேறு வீடாக இருந்தால் ஒரு மாதம் நாறியிருக்கும்.

நாளாக ஆக அவள் சேலஞ்ச் செய்வதையே விட்டுவிட்டாள். எதைச் சொன்னாலும் "சரிங்க." பார்த்தால் பக்கத்தில்தான் இருப்பாள், ஆனால் ஆளே இல்லாத மாதிரி இருக்கும். அமைதியைத்தானே கேட்டாய், கிடைத்துவிட்டதே என்பீர்கள். இது அந்த அமைதி இல்லை, மேடம். எதிர்க் கட்சியே இல்லாமல் நான் மட்டும் தீர்ப்புச் சொல்லிக்கொண்டிருந்தால் பைத்தியக்காரன் மாதிரி இல்லையா? எனக்குப் பயமாக இருந்தது, வெளிப்படையாகவே சொல்கிறேன். விளையாட மறுக்கிறவள் ஒருநாள் மைதானத்தை விட்டே போய்விடுவாள்.

அந்தச் சமயத்தில்தான் மச்சான் வந்தான். அவளுடைய தம்பி. வீடியோ கேம் செய்கிற கம்பெனியில் இருக்கிறான், அதுவும் கூடைப்பந்து கேம். புதிதாக வந்ததை எடுத்துக்கொண்டு வந்து டிவியில் மாட்டினான்.

"மாமா, உங்க பொழப்புக்கே வேட்டு வச்சுட்டோம். கேம்லயும் இப்ப கோச் சேலஞ்ச் இருக்கு."

"அப்படியா? நல்லா ஓடுதா?"

"மொதல்ல வச்சப்ப ஒரு பயலும் அந்த பட்டனத் தொடல. ஏன்னு கேளுங்க. யார் கை யார் மேல பட்டுச்சுன்னு கணக்குப் போடறதே கம்ப்யூட்டர்தான். அது ஃபவுல்னு சொன்னா ஃபவுல்தான். தப்பே பண்ணாத ரெஃப்ரிய எவன் சேலஞ்ச் பண்ணுவான்?"

"அப்புறம்?"

"வேணும்னே தப்பாச் சொல்ல வச்சோம்." கன்ட்ரோலரை என்னிடம் நீட்டினான். "அப்பப்போ. ஆடறவன் சோந்துபோறான்னு தெரிஞ்சா ஒண்ண விட்டுக் குடுக்கும். ஒருவாட்டி ஜெயிச்சுட்டான்னு வைங்க, அப்புறம் எத்தனைவாட்டி தோத்தாலும் எந்திரிச்சுப் போகமாட்டான். மேட்ச் கைமாறிப் போற எடத்துல மட்டும் விட்டுக் குடுக்காது. அதுதான் சூட்சுமம்."

சமையலறைக் கதவில் சாய்ந்து நின்று அவள் கேட்டுக்கொண்டிருந்தாள். "அடப் பாவிங்களா," என்றாள். "இப்படியா ஏமாத்துவீங்க?"

"ஏமாத்தலக்கா. சந்தோஷமா வச்சிருக்கோம்."

அந்த வார்த்தை எனக்குள் அப்படியே தங்கிவிட்டது. இவ்வளவு சின்ன விஷயம் இத்தனை நாள் எனக்கு உறைக்கவில்லையே என்று என்மேலேயே கோபம் வந்தது. அடுத்த வாரமே ஆரம்பித்துவிட்டேன். ஹாலில் ஃபேனை நானே போட்டுவிட்டு வந்து, "ஃபேன அணைக்காம வந்துட்ட," என்றேன். அவள் "சரிங்க" என்று எழுந்துபோனாள். பாதி தூரத்தில் நின்றாள்.

"இல்லீங்க. நான் அணைச்சேன். எனக்கு நல்லா ஞாபகம் இருக்கு."

விரலைத் தூக்கலாமா வேண்டாமா என்று தயங்கித் தயங்கித் தூக்கினாள். உட்கார்ந்து பார்த்தோம். வீடியோவில் நான்தான் ஸ்விட்சைப் போடுகிறேன். "தீர்ப்பு மாற்றப்படுகிறது," என்றேன், ஆபீஸில் சொல்கிற அதே குரலில். அவள் கைதட்டினாள். எத்தனையோ மாதத்துக்குப் பிறகு அவள் பல் தெரியச் சிரித்தாள்.

அதற்குப் பிறகு குழாய், துண்டு, ஃபிரிட்ஜுக்கு வெளியே மறந்துபோன பால் பாக்கெட். ஒவ்வொரு தடவையும் வாய்விட்டு மன்னிப்புக் கேட்டேன். எந்த வீட்டில் புருஷன் இப்படிக் கேட்கிறான், சொல்லுங்கள். அவள் பாட்டை முணுமுணுத்துக்கொண்டு வீட்டைக் கூட்ட ஆரம்பித்தாள். "ஒருவேள நீங்க நியாயமான ஆளுதான் போல," என்று என் தோளில் இடித்தாள். எங்கள் கல்யாண வாழ்க்கையில் அதுதான் நல்ல காலம். அவள்மேல் எனக்கு எவ்வளவு ஆசை என்பதற்கு வேறு சாட்சி வேண்டாம். அத்தனை தப்பையும் நானே உட்கார்ந்து யோசித்து யோசித்து அவளுக்காகச் செய்தேன்.

ஆனால் அவள் முட்டாள் இல்லை. அந்த ஞாயிற்றுக்கிழமை காலை, கதவோரமாகப் பெட்டியைக் கொண்டுவந்து வைத்தாள். வைப்பாள் என்று எனக்குத் தெரியும். முந்தின நாள் ஹாலில் துணி அடுக்குவதை ஆபீஸிலிருந்தே என் ஃபோனில் பார்த்திருந்தேன்.

"ஏங்க, ஒண்ணு சொல்லவா? நான் எதுலெல்லாம் ஜெயிச்சேன்னு எண்ணிப் பார்த்தேன். ஃபேன், குழாய், துண்டு, பால்."

"ஜெயிச்சா ஜெயிச்சதுதானே?"

"வேலைக்குப் போறதுல ஜெயிக்கல. தம்பி வீட்டுல ரெண்டு நாள் தங்கறதுல ஜெயிக்கல. அன்னிக்கு அவன் அந்த கேமப் பத்திச் சொன்னப்ப நானும் அங்கதான நின்னேன்? எனக்குத்தான் ரொம்ப லேட்டாப் புரிஞ்சுது." கோபமாகக்கூடச் சொல்லவில்லை. "நான் தம்பி வீட்டுக்குக் கெளம்பறேன். திரும்பி வர்றதப் பத்தி எதுவும் கேக்காதீங்க. வயிறு வேற நேத்துலேர்ந்து குத்திக் குத்தி வலிக்குது. அங்க போய் டாக்டரப் பார்த்துக்கறேன்."

அவள் இல்லாத வீட்டை ஒரு நொடி நினைத்துப் பார்த்தேன். இருந்தாலும் குரலை உயர்த்தவில்லை. இங்கே ஒன்றைக் கவனியுங்கள். வயிற்று வலியைப் பற்றி நான் எதுவுமே சொல்லவில்லை. டாக்டரிடம் போகாதே என்று என் வாயிலிருந்து வரவில்லை. வீட்டைவிட்டுப் போகிற விஷயத்துக்கு மட்டும்தான் பதில் சொன்னேன்.

"சீசன் முடியற வரைக்கும் எங்கயும் போகமாட்டேன்னு நீ தலையாட்டியிருக்க."

"நானா? எப்ப?"

"போன வாரம். ஹால்ல துணி மடிச்சுட்டு இருந்தப்ப நான் கேட்டேனே."

"முடியாதுன்னுதான தலைய ஆட்டினேன்! நீங்கதான் பார்த்தீங்களே."

"அப்போ சேலஞ்ச் பண்ணு. நீ ஜெயிச்சா நானே வண்டில கொண்டுபோய் விடறேன். தோத்தா, நான் வேலை முடிஞ்சு வர்ற வரைக்கும் வீட்டுல இரு. ஃபோன் என்கிட்ட இருக்கட்டும்."

அவள் பெட்டியின் கைப்பிடியிலிருந்து கையை எடுத்தாள். பேசாமல் பெட்டியைத் தூக்கிக்கொண்டு நடந்திருக்கலாம். நான் கையைப் பிடித்து இழுக்கிற ஆள் இல்லை. ஆனால் அன்றைக்கு நடந்தது என்ன என்பது அவளுக்கு நிச்சயமாகத் தெரியும், அதனால்தான் ஒப்புக்கொண்டாள். சேலஞ்ச் செய்கிறவர்கள் எல்லோரும் செய்கிற தப்பு இது. பெரிய பெரிய கோச்சுகளே இதில்தான் கவிழ்ந்துபோகிறார்கள். நடந்தது தனக்குத் தெரிந்தால் போதும் என்று நினைத்துவிடுகிறார்கள். திரையில் என்ன தெரிகிறது என்பதுதான் கணக்கு.

ஹால் கேமராவைப் போட்டுக் காட்டினேன். அவள் முதுகுப் பக்கமிருந்து தெரிகிறது. குனிந்து துணி மடிக்கிறாள், தலை அசைகிறது. மேலும் கீழுமா, பக்கவாட்டிலா, சொல்ல முடியாது.

"தெளிவா இல்ல," என்றேன். "களத்துல சொன்னது நிக்கும்."

"நடையில இருக்கற கேமரா? அதுல என் மூஞ்சி தெரிஞ்சிருக்கும்."

"அது அன்னிக்கு ஓடல."

ஓடியது. அன்று காலை அவள் தூங்கி எழுவதற்கு முன்பே அதைப் பார்த்துவிட்டேன். முகம் முழுசாகத் தெரிந்தது. முடியாது என்று இரண்டு தடவை தலையை ஆட்டுகிறாள். அந்தக் கோணத்தைக் காட்டவில்லை, அவ்வளவுதான். எந்தக் கோணத்தைக் காட்டுவது என்பது எங்கள் தொழிலில் எப்போதும் அறையில் இருக்கிறவன் கையில்தான்.

ஃபோனை எடுத்துக் கொடுத்தாள். கை ஜில்லென்று இருந்தது. வாசல் கதவை வெளியிலிருந்து பூட்டிக்கொண்டு கிளம்பினேன். நாங்கள் இருப்பது உயரமான கட்டடத்தின் மேல் தளம், பக்கத்து வீட்டில் ஆள் இல்லை. அதெல்லாம் உங்களுக்கே தெரியும், போய்ப் பார்த்திருப்பீர்கள்.

மத்தியான ஆட்டம். கடைசிக் கால்பகுதி, இரண்டு அணிக்கும் வித்தியாசமே இல்லை. பந்து எல்லைக் கோட்டைத் தாண்டியது. கடைசியாகப் பட்டது யார் கை என்று தகராறு. தீர்ப்பில் பந்தை இழந்த பக்கத்துக் கோச் விரலைச் சுற்றினார். அதே சமயம், விசைப்பலகை ஓரம் சாய்த்து வைத்திருந்த என் ஃபோனில், வீட்டுக் கேமராவில், அவள் ஹாலுக்குள் வந்தாள். சுவரைப் பிடித்துக்கொண்டு வந்தாள். கேமராவுக்கு நேர் கீழே தரையில் சரிந்து உட்கார்ந்தாள். அண்ணாந்து பார்த்து, விரலைச் சுற்றினாள்.

பக்கத்து நாற்காலியில் வீடியோவை வெட்டித் தருகிற பெண் எட்டிப் பார்த்தாள். "சார், உங்க ஃபோன்ல யாரு? எதுக்குக் கையச் சுத்தறாங்க?"

"என் வீட்டுக்காரி. விளையாடிட்டு இருக்கா."

"ஓ, நம்ம சேலஞ்சா? சூப்பர் சார்." சிரித்துவிட்டுத் தன் திரைக்குத் திரும்பினாள். நல்ல பெண். பிற்பாடு உங்களிடம் வந்து சொன்னது அவள்தான் என்று கேள்விப்பட்டேன். தப்புச் சொல்லமாட்டேன், பார்த்ததைச் சொல்லத்தான் வேண்டும்.

ஆட்டத்துச் சேலஞ்சை முதலில் முடித்தேன். பந்து தடுத்தவன் நகத்தில் பட்டுத் திரும்பியிருந்தது, ஒரே ஒரு கோணத்தில் தெரிந்தது. தீர்ப்பு மாற்றப்படுகிறது என்று சொன்னேன். அந்தக் கோச்சுக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. பிறகு ஃபோனை எடுத்தேன். முதலில் நடக்கிறதை நடக்கிறபடி பார்த்தேன். அப்புறம் பின்னோக்கி ஓட்டி, வேகத்தைக் குறைத்து, பெரிதாக்கிப் பார்த்தேன். உதடு அசைகிறது, ஒலி இல்லை. வலது கை தாங்கவில்லை. இடது கையால் மணிக்கட்டைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு சுற்றினாள். அவளுக்குச் சேலஞ்ச் மிச்சமில்லை, காலையிலேயே தோற்றுவிட்டாள். அப்படியே மிச்சம் இருந்தாலும் வயிற்று வலி விஷயத்தில் நான் விசிலே ஊதவில்லை. விதியை அவளுக்காக வளைத்தால் நாளைக்கு அந்த விதிக்கு என்ன மரியாதை?

ஆட்டம் முடிந்ததும் வழக்கமான கூட்டம் இருந்தது. உட்கார்ந்தேன். ஒரு காபி குடித்தேன். வண்டியை நிதானமாகத்தான் ஓட்டினேன். வீட்டுக்குப் போய்க் கதவைத் திறந்து பார்த்துவிட்டு ஆம்புலன்ஸைக் கூப்பிட்டேன். விலாசத்தைத் தெளிவாகச் சொன்னேனாம், ஃபோனை எடுத்த பையன் பாராட்டினான்.

"வயித்துக்குள்ள ரத்தம் கசிஞ்சிருக்கு," என்றார் டாக்டர். "கொஞ்சம் முன்னாடி கொண்டுவந்திருந்தா..." மச்சான் ஆஸ்பத்திரி நடையில் தலையில் கைவைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான்.

"மாமா, அக்கா யாரையாவது கூப்பிட்டாளா?"

"இல்லடா," என்றேன். அவன் என் தோளில் சாய்ந்து குலுங்கிக் குலுங்கி அழுதான். முதுகைத் தடவிக்கொடுத்தேன். எனக்கும் அழுகை வந்தது. நடிப்பில்லை, மேடம்.

நான் அவள்மேல் கை ஓங்கியதில்லை. ஒரு கெட்ட வார்த்தை பேசியதில்லை. கேமராப் பதிவெல்லாம் உங்களிடம் இருக்கிறது, ஒரு வருஷத்துப் பதிவையும் போட்டுப் பாருங்கள், இப்படி ஒரு புருஷனை நீங்கள் கண்டிருக்கமாட்டீர்கள்.

என்ன நடக்கிறதென்று புரியாமல்தானே திரும்பத் திரும்பப் பார்த்தீர்கள் என்று கேட்டீர்கள். அப்படிச் சொன்னால் எனக்கு நல்லது என்று வக்கீலும் சொல்கிறார். அவருக்கு என் தொழில் தெரியாது. வேகத்தைக் குறைத்துப் பார்ப்பது சந்தேகம் இருக்கிறவன் செய்கிற வேலை. எனக்குச் சந்தேகமே இல்லை. முதல் பார்வையிலேயே, சாதாரண வேகத்திலேயே தெரிந்துவிட்டது, அவள் செத்துக்கொண்டிருக்கிறாள் என்று. ஒரு ஃபோன் போட்டிருந்தால் பிழைத்திருப்பாள், அதுவும் தெரியும். பிழைத்திருந்தால் ஆஸ்பத்திரியிலிருந்து நேரே தம்பி வீட்டுக்குப் போயிருப்பாள். அதனால்தான் கடைசி அசைவு நிற்கிறவரைக்கும் பார்த்துக்கொண்டிருந்தேன்.

எழுதிக்கொள்ளுங்கள், கையெழுத்துப் போடுகிறேன். அவள் என்னை விட்டுப் போகவில்லை, மேடம். அதை மட்டும் அவள் தம்பியிடம் சொல்லிவிடுங்கள்.